பட்டியலுக்கு வெளியே நிற்கும் கட்டடங்கள்

பெங்களூர் நீலசந்திராவின் சந்துகளில் தமிழும் உருதுவும் கன்னடமும் ஒரே மூச்சில் ஒலிக்கும். பழமை என்று சுட்டிக்காட்ட அங்கே மிஞ்சியிருப்பது பெரும்பாலும் பெயர் மட்டுமே. 'சந்திரா' என்று முடியும் ஊர்ப்பெயர்கள் 'சமுத்திரம்' என்ற சொல்லின் திரிபு, ஏரியைக் குறிப்பவை என்பர்.

ஆனால் சற்றுத் தள்ளி, ஓசூர் சாலையில், மரங்களுக்கு நடுவே ஒரு சிறிய தேவாலயம் நிற்கிறது. இங்கிலாந்துக் கிராமம் ஒன்றிலிருந்து பெயர்த்துவந்து வைத்ததுபோன்ற தோற்றம். 1870இல் திறக்கப்பட்ட 'ஆல் செயின்ட்ஸ்' தேவாலயம் அது. வரைபடம் தந்தவர் ராபர்ட் சிஷோம். சென்னையின் மாநிலக் கல்லூரியையும் பல்கலைக்கழக செனட் மண்டபத்தையும் வடிவமைத்த அதே சிஷோம்தான்.

2019இல் இதற்குச் சோதனை வந்தது. சுரங்க மெட்ரோ நிலையத்துக்காகத் தேவாலயத் தோட்டத்தில் ஒரு பகுதி கேட்கப்பட்டது. கட்டடத்துக்கும் முதிய மரங்களுக்கும் ஆபத்து என்று சபையினர் எதிர்த்தனர். திட்டத்துக்குக் கடன் தந்த ஐரோப்பிய முதலீட்டு வங்கி வரை முறையீடு போனது. பெங்களூரின் ஒரு கட்டடத்துக்காக ஐரோப்பிய வங்கியின் கதவைத் தட்டவேண்டிய நிலை ஏன்?

விடை சட்டத்தில் இருக்கிறது. 1958ஆம் ஆண்டின் மத்தியச் சட்டம் தேசிய முக்கியத்துவம் வாய்ந்த சின்னங்களைக் காக்கிறது. 2010ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி அவற்றைச் சுற்றி 100 மீட்டருக்குள் புதிய கட்டடம் கூடாது. அடுத்த 200 மீட்டருக்கு அனுமதி வேண்டும். பாதுகாப்பு பலமானது. ஆனால் நாடு முழுவதும் இந்தப் பாதுகாப்பைப் பெற்றவை சுமார் 3,700 மட்டுமே. சிஷோமின் தேவாலயம் அவற்றில் ஒன்றல்ல.

இங்கிலாந்தின் வழி வேறு. அங்கே பாதுகாப்புப் பட்டியலில் உள்ளவை மூன்றரை லட்சத்துக்கும் மேல். முதல் தரத்தில் இருப்பவை சுமார் 2.5 சதவீதமே, பத்தில் ஒன்பதுக்கும் மேற்பட்டவை இரண்டாம் தரம். நூறு வீடுகூட இல்லாத கிராமத்திலும் தேவாலயம், பண்ணைவீடு, கல்லறை, மைல்கல், பழைய தொலைபேசிக் கூண்டு என்று பட்டியல் நீளும். பட்டியலில் ஏறிவிட்டால் மாற்றவே கூடாது என்பதில்லை. மாற்றுவதற்கு முன் அனுமதி கேட்கவேண்டும், அவ்வளவுதான். இடித்தபின் அழுவதற்குப் பதில் இடிக்கும்முன் ஒரு விவாதம் நடக்கிறது.

இந்தத் தரவரிசை முறை இந்தியாவுக்கு அந்நியமல்ல. 1995இல் பம்பாய் இதற்கான விதிகளைக் கொண்டுவந்தது. கட்டடத்தைக் காப்பாற்றும் உரிமையாளர், தான் கட்டாமல் விட்ட பரப்பை வேறிடத்தில் கட்டும் உரிமையாக விற்கலாம் என்றும் வழிசெய்தது. சென்னையில் 2010இல் உயர் நீதிமன்றம் அண்ணா சாலையின் பாரத் இன்ஷூரன்ஸ் கட்டடத்தை இடிக்கத் தடை விதித்து, பாரம்பரியக் கட்டடங்களுக்கு ஒரு குழு வேண்டும் என்றது.

'குடியிருக்க இடமில்லாத நகரத்தில் பழங்கட்டடத்துக்கு என்ன பரிவு?' என்று கேட்பவர்கள் உண்டு. நீலசந்திரா போன்ற நெரிசல் மிகுந்த பகுதியில் அது நியாயமான கேள்வியும்கூட. உரிமையாளருக்கு ஈடு தராமல் சுமையை மட்டும் ஏற்றினால் கட்டடம் பராமரிப்பின்றி ஒருநாள் தானே விழும். பம்பாய் தந்த ஈடு இதனால்தான் முக்கியம்.

பதிவு என்பது எவ்வளவு பயன்தரும் என்பதற்குப் பக்கத்து டொம்லூரே சாட்சி. அங்குள்ள சொக்கநாதர் கோயிலில் 13ஆம் நூற்றாண்டுத் தமிழ்க் கல்வெட்டுகள் உள்ளன. ஊரின் பெயரைத் தொம்பலூர் என்று அவை சொல்கின்றன. பெங்களூர் வட்டாரக் கல்வெட்டுகளை பி.எல். ரைஸ் 1905இல் அச்சேற்றினார். அவற்றில் பல கற்கள் இன்று இல்லை. எது தொலைந்தது என்று தெரிவதே அந்தப் புத்தகத்தால்தான்.

எனவே முதல் வேலை பெரிய செலவு பிடிப்பதல்ல. வார்டுவாரியாகப் பழைய கட்டடங்களை எண்ணி, படமெடுத்து, தரம் பிரித்து, சட்டபூர்வமான பட்டியலில் ஏற்றவேண்டும். மெட்ரோ வரைபடம் மேசைக்கு வரும்போது அந்தப் பட்டியலும் அதன் பக்கத்தில் விரிக்கப்பட்டிருக்கவேண்டும்.