தள்ளுபடிக்கு முன் ஒரு கேள்வி

பத்திரிகைப் பணியில் நான் கழித்த ஆண்டுகளில் 'மனு தள்ளுபடி' என்று எத்தனை முறை தலைப்பிட்டிருப்பேன் என்பதற்குக் கணக்கில்லை. ஒற்றைப் பத்தியில் அடங்கிவிடும் செய்தி அது. அடங்காமற் போவது தள்ளுபடிக்கான காரணம். இந்திய நீதிமன்றங்களில் குற்றவியல் சீராய்வு மனுக்கள் தள்ளுபடியாகும் செய்திகளை வாசிக்கும்போதெல்லாம் இக்குறை என்னை உறுத்துகிறது.

இலங்கையில் நாம் மீளாய்வு என்பதையே அங்கு சீராய்வு என்கிறார்கள். அது மேன்முறையீடு அன்று. மேன்முறையீட்டில் சாட்சியங்களை முழுமையாக மீண்டும் எடைபோடலாம். சீராய்விலோ, கீழ் நீதிமன்றத்தின் உத்தரவு சட்டப்படி சரியானதா, முறையானதா என்பதே முதன்மையாக நோக்கப்படும். 1973ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டம் வழங்கிய இவ்வதிகாரம், 2024 ஜூலை 1 முதல் நடைமுறையிலுள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவிலும் தொடர்கிறது. இடைக்கால உத்தரவுகளை எதிர்த்துச் சீராய்வு கோர முடியாது. ஒருவர் செஷன்ஸ் நீதிமன்றத்தில் ஒருமுறை கோரிவிட்டால் உயர் நீதிமன்றத்தில் மீண்டும் கோர முடியாது.

இவ்வரம்புகள் தேவையற்றவை என்று சொல்லமாட்டேன். விசாரணையை இழுத்தடிப்பதற்கென்றே மனுத் தாக்கல் செய்வோர் உண்டு. ஆகவே தள்ளுபடி செய்வது தவறன்று. கேட்ட கேள்விக்கு விடை சொல்லாமல் தள்ளுபடி செய்வதே தவறு.

ராகுல் காந்தியின் வழக்கு இதற்குத் தக்க உதாரணம். 2019 தேர்தற் பரப்புரையில் 'மோடி' என்ற குடும்பப் பெயர் குறித்துப் பேசியமைக்காக, 2023 மார்ச் 23 அன்று சூரத் நீதிமன்றம் அவருக்கு இரண்டு ஆண்டுச் சிறைத்தண்டனை விதித்தது. அவதூறுக் குற்றத்துக்கு அன்றைய சட்டத்தில் இருந்த உச்சத் தண்டனை அது. மறுநாளே அவரது நாடாளுமன்ற உறுப்புரிமை பறிபோனது. குற்றத்தீர்ப்பை நிறுத்திவைக்க செஷன்ஸ் நீதிமன்றம் மறுத்தது. அதை எதிர்த்து அவர் தாக்கல் செய்த சீராய்வு மனுவை குஜராத் உயர் நீதிமன்றம் ஜூலை 7 அன்று தள்ளுபடி செய்தது.

நம் நாட்டில் உயர் நீதிமன்றமே நாட்டின் அதியுயர் மன்று. இந்தியாவிலோ அது மாநில மட்டத்து மன்று. அதற்கு மேலே உச்ச நீதிமன்றம் உண்டு. அங்கே ஆகஸ்ட் 4 அன்று குற்றத்தீர்ப்பு நிறுத்திவைக்கப்பட்டது. உச்சத் தண்டனை ஏன் என்பதற்கு விசாரணை நீதிபதி காரணம் எதையும் கூறவில்லை என்றது உச்ச நீதிமன்றம். தண்டனை ஒரு நாள் குறைந்திருந்தாலும் பதவி பறிபோயிராது. கீழே பக்கம் பக்கமாக எழுதிய மன்றுகள் இந்த அம்சத்தைக் கருத்திற் கொள்ளவில்லை என்பதையும் அது சுட்டிக்காட்டியது.

ராகுல் காந்தியின் அரசியலை ஏற்பவரும் மறுப்பவரும் இதில் ஒன்றைக் கவனிக்கலாம். தீர்ப்பின் நீளம் வேறு, காரணம் வேறு. நீண்ட தீர்ப்பிலும் மனுதாரரின் கேள்வி விடையின்றி விடப்படலாம்.

அவருக்கு மூத்த வழக்கறிஞர்கள் இருந்தார்கள்; டில்லியின் கதவு திறந்தது. காசோலை வழக்கில் தண்டனை பெற்ற சிறுகடைக்காரருக்கோ, ஜீவனாம்சத் தொகையை எதிர்த்தோ கூட்டக் கோரியோ வரும் குடும்பத்துக்கோ, சீராய்வே பெரும்பாலும் கடைசிப் படி. அதற்கு மேல் ஏறப் பணம் இருக்காது. வழக்கறிஞர் வராத நாளில் மனு தள்ளுபடியாகிவிட்டால் அவர்களுக்கு எல்லாம் முடிந்துவிடும். குற்றவியல் சீராய்வு மனுவை, தரப்பினர் வரவில்லை என்பதற்காகத் தள்ளுபடி செய்யலாகாது, அதன் தகுதியை ஆராய்ந்தே முடிவுசெய்ய வேண்டும் என்று இந்திய உச்ச நீதிமன்றம் 2007இலேயே கூறியது இவர்களைப் போன்றோருக்கே அதிகம் உதவும்.

எழுதுவோருக்கும் இதில் பங்குண்டு. 'மனு தள்ளுபடி' என்று எழுதுமுன், மனுதாரர் என்ன கேட்டார், நீதிமன்றம் அதற்கு என்ன விடை சொன்னது என்பதைத் தீர்ப்பிலே தேட வேண்டும். விடை இல்லையென்றால், அதுவே அன்றைய செய்தி. இத்தனை ஆண்டுகளில் நான் அப்படித் தேடிய நாட்கள் மிகச் சில என்பதை இங்கே ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும்.