படத்தைப் பகிர்ந்தவர்களுக்கு



போன கிழமை பொலிஸ் கூட்டிப்போன ஒரு பிள்ளையின் படம் இஷாவுக்கு முன்னரே நம்மூர் வட்சப் குழுக்களுக்கெல்லாம் வந்துவிட்டது. பெயரோடு, பாடசாலைச் சீருடையோடு. "மற்றப் பிள்ளைகள் படிப்பினை பெறட்டும்" என்றார்கள். எந்தப் படிப்பினை?

1939ஆம் ஆண்டின் சிறுவர், இளம் ஆட்கள் கட்டளைச் சட்டம், இப்படியான பிள்ளையின் பெயர், முகவரி, பாடசாலை, படம் எதையும் பத்திரிகையில் போடக்கூடாது என்கிறது. மன்னாரில் தனிச் சிறுவர் நீதிமன்றம் இல்லை. நீதவானே அப்படி அமர்கிறார். பெரியவர்களின் வழக்கோடு கலக்காமல் வேறு அறையில், அல்லது வேறு நேரத்தில். வேடிக்கை பார்க்க யாருக்கும் இடமில்லை. வெள்ளைக்காரன் காலத்துச் சட்டம் மூடிவைத்த கதவை நாம் ஃபோனால் திறந்துவிட்டோம்.

2018இல் குற்றப் பொறுப்பு வயது 8இலிருந்து 12 ஆனது. 12க்கும் 14க்கும் இடைப்பட்ட பிள்ளை என்றால், செய்ததை விளங்கும் பக்குவம் அதற்கு இருந்ததா என்று நீதவான் பார்க்கவேண்டும். நம் குழுவில் அந்த விசாரணை மூன்று நிமிடத்தில் முடிந்தது!

ஆசிரியர்களான நாங்களும் சுத்தமில்லை. நன்னடத்தை உத்தியோகத்தர் பாடசாலைக்கு வந்து விசாரிப்பார். பிள்ளை வீட்டுக்கா, அச்சுவேலி சான்றுபெற்ற பாடசாலைக்கா என்று முடிவெடுக்கும்போது நீதவான் அவருடைய அறிக்கையையும் பார்ப்பார். நாங்களோ "அவன் எப்பவும் அப்படித்தான்" என்று ஒரு வரியில் அனுப்பிவிடுகிறோம். வாப்பாமார் மானம் போகும் என்று உம்மாவைத் தனியே நீதிமன்றத்துக்கு அனுப்புகிறார்கள்.

படம் இன்னும் இரண்டு குழுக்களில் கிடக்கிறது. அட்மின்மாரே, இன்றிரவே அழியுங்கள். அடுத்த தவணைக்கு அந்த வீட்டுக்குச் சட்டத்தரணி தேவை. வசதியற்றவர்களுக்குச் சட்ட உதவி ஆணைக்குழு இருக்கிறது. அந்த உம்மாவோடு யார் போகிறீர்கள்?