ஐந்திறமும் அலுவிகாரையும்

உலகின் முதல் நூல் ஐந்திறம். அதை யாத்தவன் மயன். மயனோ இராவணனின் மாமன். ஆகவே அந்நூல் இலங்கைத் தமிழருக்கே உரிய சொத்து. இப்படியொரு வாதம் நம்மிடையே வலம் வருகிறது. மாத்தளையைச் சேர்ந்த அன்பர் ஒருவர் இதை எட்டுப் பக்க மடலாகவே எழுதி, "பத்திரிகையாளர்கள் இதை ஏன் மறைக்கிறீர்கள்?" என்றும் கேட்டிருக்கிறார். மறைப்பதற்கு எம்மிடம் என்ன இருக்கிறது?

நூலின் கதையைச் சுருக்கமாகப் பார்ப்போம். தொல்காப்பியத்தின் பாயிரம் அதன் ஆசிரியரை ஐந்திரம் கற்றவர் என்று சிறப்பிக்கிறது. சிலப்பதிகாரத்தின் காடுகாண் காதையிலும் அந்நூலைப் பற்றிய பேச்சு வருகிறது. நச்சினார்க்கினியர் அதை இந்திரன் செய்த வியாகரணம் என்று கொண்டார். ஆங்கிலேய அறிஞர் பர்னெல் 1875 இல் ஐந்திர இலக்கண மரபைப் பற்றித் தனி நூலே எழுதினார். அந்த இலக்கணம் இன்று இல்லை. இல்லாத நூலின் இடம் காலியாகவே கிடந்தது. 1986 இல் சென்னையில் 'ஐந்திறம்' என்ற நூல் அச்சேறியபோது, ரகரம் றகரமாயிற்று. இந்திரன் போய் மயன் வந்தான். இலக்கணம் போய் மூலம், காலம், சீலம், கோலம், ஞாலம் என்னும் ஐந்து தத்துவங்கள் வந்தன. இதற்காகப் பாடுபட்ட கணபதி ஸ்தபதி பெரும் சிற்பி; குமரிமுனையின் வள்ளுவர் சிலை அவர் பெயரைக் காலமெல்லாம் சொல்லும். உளியின் பெருமையை ஏட்டின் சான்றாகக் கொள்ள முடியாது என்பதே என் வாதம்.

மடல் எழுதிய அன்பர் தம் ஊரிலேயே ஒரு நூலின் வரலாற்றைக் கண்டிருக்கலாம். மாத்தளை நகருக்கு வடக்கே, கண்டி–யாழ்ப்பாணம் வீதியோரம் இருக்கிறது அலுவிகாரை. கி.மு. முதலாம் நூற்றாண்டில், வட்டகாமணி அபயன் காலத்தில், அதுவரை வாய்மொழியாக ஓதப்பட்டுவந்த திரிபிடகம் ஏட்டில் ஏறியது அங்கேதான் என்பது பௌத்த மரபு. (மகாவம்சம் செய்தியைச் சொல்கிறது, இடத்தைச் சொல்லவில்லை. ஊர்ப்பெயர் பிற்கால நூல்களில்தான் வருகிறது. இதையும் சொல்லிவிடுவதே நேர்மை.) ஏன் எழுதினார்கள்? பஞ்சமும் போரும் வந்தன. தமிழர் ஐவர் அடுத்தடுத்து அநுராதபுரத்தை ஆண்ட காலமும் அதுவே. ஓதுவோர் மாண்டால் ஓதலும் மாளும் என்ற அச்சம் பிறந்தது. மந்திர மகிமைக்காக எவரும் எழுத்தாணியைத் தொடவில்லை.

அன்று எழுதிய ஏடு ஒன்றுகூட இன்று இல்லை. பிறகு அதை மட்டும் எப்படி நம்புவது? ஓலை நம் வெப்பத்திலும் ஈரத்திலும் சில நூற்றாண்டுகளுக்கு மேல் தாங்காது. தாளிப்பனைக் குருத்தைப் பதமாக அவித்து, உலர்த்தி, மெருகிட்டு, கீறிக் கரியிட்டு, அது நைவதற்குள் மறுபடியும் படியெடுக்க வேண்டும். அந்தச் சங்கிலி அறாமல் வந்தது. புத்தகோசர் ஐந்தாம் நூற்றாண்டில் உரை கண்டார். சீன மொழியில் பிற பிரிவினரின் இணைநூல்கள் உள்ளன. ஒப்பிடலாம், பிழை காணலாம், சண்டையிடலாம். ஐந்திறத்துக்கு அத்தகைய வழித்தோன்றல் எங்கே? எந்தச் சாலையில் எந்த எண்ணில் எந்த எழுத்தமைதியில் ஏடு இருக்கிறது, 1986 க்கு முன் அதை மேற்கோள் காட்டிய உரையாசிரியர் யார் என்று கேட்டால், அதைத் தமிழ்த் துரோகம் என்கிறார்கள்.

இந்நோய் நமக்கு மட்டும் வந்ததன்று. 2020 ஜூலையில் இராவணனையும் அவன் வான்பயணத்தையும் பற்றிய நூல்கள், ஆவணங்கள் வைத்திருப்போர் தந்துதவுமாறு இந்நாட்டின் அரச தரப்பிலிருந்தே பத்திரிகை விளம்பரம் வந்தது. இந்தியாவில் 'வைமானிக சாஸ்திரம்' என்று போற்றப்பட்ட நூலை 1974 இல் பெங்களூர் இந்திய அறிவியல் கழகத்தினர் ஆராய்ந்து, அதிற் சொன்ன விமானங்கள் பறக்கமாட்டா என்று முடிவு சொன்னார்கள். நம்புவோர் இன்றும் நம்புகிறார்கள்.

எனக்குக் கோபம் வருவது வேறிடத்தில். 1848 கிளர்ச்சியை ஆங்கிலேயர் அடக்கியபோது அலுவிகாரையின் ஏட்டுச்சாலை அழிந்தது. 1981 இல் யாழ்ப்பாண நூலகத்தில் ஏறத்தாழ 97,000 நூல்களும் ஏடுகளும் எரிந்தன. இருந்தவை போயின. இருப்பவையும் போய்க்கொண்டிருக்கின்றன. மாத்தளைத் தோட்டங்களுக்கு மன்னார்க் கரையிலிருந்து தம்புள்ளை வழியே காட்டுப்பாதையில் நடந்து வந்தவர்களின் பேரப்பிள்ளைகள், 1948 குடியுரிமைச் சட்டத்தின் முன் நின்றபோது அவர்களிடம் கேட்கப்பட்டது என்ன? தகப்பன் இங்கே பிறந்ததற்கு, பாட்டன் இங்கே பிறந்ததற்கு ஒரு தாள். அது இல்லாதவர்கள் நாடற்றவர்கள் ஆனார்கள். அந்தத் துயரம் 2003 ஆம் ஆண்டின் சட்டம் வரை இழுபட்டது. சி.வி. வேலுப்பிள்ளை தொகுத்திராவிட்டால் அவர்களின் பாடல்களிலும் பல காற்றோடு போயிருக்கும்.

மயனின் நூலுக்கு எட்டுப் பக்கம் எழுதிய அன்பர், தம் ஊர்த் தோட்டங்களின் பழைய செக்ரோல்களும், கங்காணிமாரின் கணக்குக் கொப்பிகளும், துண்டுகளும், கோயில் திருவிழா நோட்டீஸுகளும் எந்த டிரங்குப் பெட்டியில் கறையானுக்கு இரையாகின்றன என்று இரண்டு பக்கம் எழுதியனுப்பட்டும். வரி பிசகாமல் வெளியிடுகிறேன். படமெடுத்து வைப்பதற்கு 2005 இல் தொடங்கிய நூலகம் திட்டத்தார் இருக்கிறார்கள். ஐந்திறத்தின் ஏடு கிடைத்தால் அதையும் அவர்களிடமே கொடுக்கலாம். முதல் ஓலையிலிருந்து கடைசி ஓலை வரை, இரு பக்கமும் தெரியும்படியாக.