தீர்ப்பு வந்த பிறகு கேமரா எதற்கு?

1968 டிசம்பர் 25. கீழத்தஞ்சையின் கீழ்வெண்மணியில், கூலி உயர்வு கேட்டுப் போராடிய தலித் விவசாயத் தொழிலாளர் குடும்பங்களைச் சேர்ந்த 44 பேர் குடிசைக்குள் எரித்துக் கொல்லப்பட்டனர். பெரும்பாலோர் பெண்கள், குழந்தைகள். குற்றம் சாட்டப்பட்ட நிலச்சுவான்தார்களை உயர் நீதிமன்றம் விடுவித்தது.

கேஸ்தான் முடிஞ்சுபோச்சே, அப்புறம் படம் எதுக்கு?

2005-ல் பாரதி கிருஷ்ணகுமார் எடுத்த ‘ராமையாவின் குடிசை’ ஆவணப்படமே இதற்குப் பதில். எரிந்த அந்தக் குடிசையின் பெயர்தான் படத்துக்கும். 37 ஆண்டுகள் கழித்து, அந்த இரவின் நினைவைச் சுமந்தவர்களை அது பேச வைத்தது. தீர்ப்பு கோப்பை மூடலாம். நினைவை மூட முடியாது.

சுயாதீன சினிமாவுக்கு ஸ்டாரோ செட்டோ மூலதனம் இல்லை; காது கொடுத்துக் கேட்கும் பொறுமைதான். இன்று கேமரா எல்லோர் கையிலும் இருக்கிறது. ஆனால் டெல்டாவின் சாட்சிகள் ஒவ்வொருவராக மறைந்துகொண்டிருக்கிறார்கள். உட்கார்ந்து கேட்கத்தான் ஆள் வேண்டும்.