எடை குறைந்தால்தான் பால்மாவா?



சென்ற மாதம் தேர்ச்சி அறிக்கை பெற வந்த தாய் ஒருவர், நான்கு மாதக் கைக்குழந்தையையும் தூக்கி வந்திருந்தார். மூத்தவன் என் இரண்டாம் ஆண்டு மாணவன். பேசிக்கொண்டிருக்கையில் குழந்தை அழுதது. பையிலிருந்து அவர் எடுத்த புட்டியைப் பார்த்தேன். பால் என்று சொல்ல இயலாத வெளிறிய நீர். நான் ஒன்றும் கேட்கவில்லை. அவரே சொன்னார்: "சம்பள நாள் வரைக்கும் இந்த டின் வரணும் டீச்சர். அதான் மாவு கொஞ்சம் கம்மி."

அரசாங்கக் கிளினிக்கில் உதவி கேட்டிருக்கிறார். குழந்தைக்கு ஆறு மாதம் நிறையவில்லை, எடையும் குறையவில்லை, ஆகவே இப்போது வழியில்லை என்று கூறிவிட்டனராம். "அப்போ எடை இறங்கட்டும்னு காத்திருக்கணுமா டீச்சர்?" என்றார். எனக்குப் பதில் தெரியவில்லை.

அந்தத் தாதியரை நான் குறை கூற மாட்டேன். திட்டமே அப்படித்தான் வகுக்கப்பட்டுள்ளது. ஊட்டச்சத்துக் குறைந்த குழந்தைகளை மீட்பதற்கென்று 1989-இல் தொடங்கிய அத்திட்டத்தின் கீழ், ஏழைக் குடும்பங்களைச் சேர்ந்த ஆறு மாதம் முதல் ஆறு வயது வரையிலான குழந்தைகளுக்கு மாதந்தோறும் உணவுக்கூடை கிடைக்கிறது. நல்ல திட்டம்தான். ஆனால் குழந்தை முதலில் மெலிய வேண்டும். அதன் பிறகுதான் கூடை வரும்.

நம் பள்ளிகளில் 1979 முதல் நடந்துவரும் ஆர்.எம்.தி. எனும் துணை உணவுத் திட்டத்தை எண்ணிப் பாருங்கள். பட்டியல் தயாரிக்கும்போது மாணவனைத் தராசில் ஏற்றி, மெலிந்திருக்கிறானா என்று பார்த்தா பெயர் எழுதுகிறோம்? குடும்ப வருமானத்தைப் பார்க்கிறோம். ஏழு வயதில் வறுமை ஒன்றே போதுமான தகுதியாகிறது. நான்கு மாதத்தில் அது போதவில்லை. இம்முரண் எனக்கு விளங்கவே இல்லை.

முதல் ஆறு மாதம் தாய்ப்பால் மட்டுமே போதும் என்பது சுகாதார அமைச்சின் அறிவுரை. அதில் எனக்குக் கருத்து வேறுபாடு இல்லை. ஆனால் தனியார் துறையில் பேறுகால விடுப்பு 98 நாள். 2022 வரை அதுவும் 60 நாளாகவே இருந்தது. 2023 ஜனவரியில்தான் உயர்ந்தது. 98 நாள் என்பது மூன்றே கால் மாதம். அதன் பிறகு இத்தாய் தொழிற்சாலைக்குத் திரும்பிவிட்டார். அங்கே பால் கறந்து வைக்க இடமுமில்லை, நேரமுமில்லை என்கிறார். மூன்றே கால் மாதத்திற்கும் ஆறாம் மாதத்திற்கும் இடைப்பட்ட இந்நாள்களுக்கு யார் பொறுப்பு? சமூக நல இலாகாவின் பண உதவிக்கு மனுச் செய்யலாம், செய்யவும் வேண்டும். ஆயினும் விசாரணை முடிந்து பணம் கைக்கு வரும்வரை பசி பொறுத்திருக்காதே.

பெற்றோர்களிடம் இவ்விடத்தில் ஒன்று சொல்ல வேண்டும். டின்னில் குறிப்பிட்ட அளவைவிட அதிக நீர் கலந்தால் குழந்தைக்குச் சத்து குறைவதோடு, உடலின் உப்புச் சமநிலையும் கெட்டு வலிப்பு வரை போகக்கூடும். ஒரு வயதுக்குள் சாதாரணப் பால்மாவு தாய்ப்பாலுக்கு ஈடாகாது. தேநீருக்கு ஊற்றும் இனிப்புக் கெட்டிப்பாலை நினைத்துக்கூடப் பார்க்காதீர்கள். இது நம் மண்ணின் பழைய துயரம். 1939-இல் டாக்டர் சிசிலி வில்லியம்ஸ் சிங்கப்பூர் ரோட்டரி சங்கத்தில் 'பாலும் கொலையும்' என்று தலைப்பிட்டே உரையாற்றினார். கெட்டிப்பாலைக் குழந்தை உணவென்று விளம்பரம் செய்தவர்களை அன்றே சாடினார் அவர்.

இலவசமாகப் பால்மாவு கொடுத்தால் தாய்ப்பால் ஊட்டுவது குறைந்துவிடும் என்று சிலர் அஞ்சுவர். நியாயமான அச்சமே. அமெரிக்காவில் 1972-இல் முன்னோடித் திட்டமாகத் தொடங்கிய 'விக்' இதற்கு ஒரு வழி கண்டிருக்கிறது. வருமானம் குறைந்த குடும்பத்துக் குழந்தைக்குப் பிறந்தது முதல் ஒரு வயது வரை பால்மாவு உண்டு. தாய்ப்பால் ஊட்டும் தாய்க்கோ கூடுதல் உணவு, அதுவும் ஓராண்டு வரை. ஊட்டாத தாய்க்கு ஆறு மாதம் மட்டுமே. அங்கும் குறையில்லாமல் இல்லை. ஒவ்வொரு மாநிலமும் பெரும்பாலும் ஒரே நிறுவனத்தோடு ஒப்பந்தம் செய்துகொள்வதால், 2022-இல் ஒரு பெரிய ஆலை மூடப்பட்டபோது தாய்மார்கள் கடை கடையாய் அலைந்தனர். அந்தப் பிழையை நாம் பின்பற்ற வேண்டியதில்லை. வருமானத்தை முதன்மைத் தகுதியாகக் கொள்ளும் முறையை மட்டும் எடுத்துக்கொள்ளலாம் அல்லவா?

அமைச்சு முடிவெடுக்கும்வரை ஆசிரியர்களாகிய நாம் செய்யக்கூடியது ஒன்றுண்டு. ஆர்.எம்.தி. பாரத்திற்காகப் பெற்றோரிடம் பேசும்போது, வீட்டில் கைக்குழந்தை உண்டா, என்ன பால் குடிக்கிறது என்று கேளுங்கள். தனியே அழைத்துக் கேளுங்கள். மற்றப் பெற்றோர் முன்னிலையில் எவரும் உண்மை சொல்ல மாட்டார். நலப் பிரிவின் மனுவை நிரப்பித் தருவதற்கு அரை மணி நேரம் போதும். எங்கள் பள்ளியில் இவ்வாண்டு தொடங்கியிருக்கிறோம். இதுவரை மூன்று வீடுகள்.

அந்தத் தாயின் மனுவும் போயிருக்கிறது. பதில் இன்னும் வரவில்லை. குழந்தைக்கு அடுத்த வாரம் கிளினிக்கில் எடை பார்க்கும் நாள்.