ஒரு ஃபைல்தானே என்று இறக்காதீர்கள்!

போன வாரம் ஸ்கெலட்டனிலிருந்து அக்கா மகன் போன் பண்ணினான். "மாமா, எம்எஸ்விசிபி140.டிஎல்எல் இல்லைன்னு கம்ப்யூட்டர் சொல்லுது. நெட்ல சும்மாவே கிடைக்குது, இறக்கிப் போட்டுடட்டுமா?"

"கையை வைக்காதடா!" கத்தியே விட்டேன். 2001-ல் சுரங்கத்தை மூடினதிலிருந்து அத்தான் எண்ணி எண்ணிச் சேர்த்த பணம். அந்தக் கணக்கை அவர் பார்ப்பது அதே கம்ப்யூட்டரில்தான்.

டிஎல்எல் என்பது பல புரோகிராம்கள் பொதுவாகப் பயன்படுத்தும் லைப்ரரி. கூப்பிடும் புரோகிராமுக்கு என்ன அதிகாரமோ, அது முழுவதும் இதற்கும் உண்டு. முன்பின் தெரியாதவனை ஸ்ட்ராங் ரூமுக்குள் விடுவோமா மக்களே? டிஎல்எல்லைத் தனியாகப் பிய்த்து விநியோகிக்கும் தளங்களை நம்புவது அதே கதைதான்.

சரியான வழியும் இலவசம்தான். இந்த ஃபைல் மைக்ரோசாஃப்ட்டின் விஷுவல் சி பிளஸ் பிளஸ் ரீடிஸ்ட்ரிபியூட்டபிளில் வருவது. அவர்கள் தளத்திலிருந்தே இறக்குங்கள். 64 பிட் விண்டோஸ் என்றால் எக்ஸ்64, எக்ஸ்86 இரண்டையும் போடுங்கள். வேறு புரோகிராமின் ஃபைல் என்றால் அந்தப் புரோகிராமையே மறுபடி நிறுவுங்கள். விண்டோஸின் சொந்த ஃபைல் என்றால் சிஸ்டம் ஃபைல் செக்கரை ஓட்டுங்கள்.

மாசாமாசம் ஊருக்குப் பணம் அனுப்புகிறோம். அதைக் காப்பாற்ற ஒரு அஞ்சு நிமிஷம் போனில் சொல்லிக் கொடுக்க மாட்டோமா?