வாத்தியாருக்கு யார் பாடம் எடுப்பது?

உளுந்தூர்பேட்டையிலிருந்து விழுப்புரம் போகும் வழியில் அரசூர் பக்கம் இருவேல்பட்டு என்று ஒரு ஊர். 2024 டிசம்பரில் ஃபெஞ்சல் புயல் வெள்ளத்துக்குப் பிறகு நிவாரணம் கேட்டு மறியல் செய்த மக்களைப் பார்க்கப் போனார் அமைச்சர் பொன்முடி. சட்டையில் சேறு விழுந்தது. சேறு வீசியது தப்புதான், சந்தேகமே இல்லை. ஆனால் ஒரு முன்னாள் பேராசிரியருக்கு, சொந்த மண்ணில், ஏன் இந்த நிலைமை?

தெய்வசிகாமணி என்று பிறந்து பொன்முடி ஆனவர். விழுப்புரம் அரசு கலைக் கல்லூரியில் பாடம் நடத்தியவர். 1989-ல் முதல்முறை எம்.எல்.ஏ., அப்போதே அமைச்சர்! வரவுப் பக்கத்தையும் நேர்மையாக எழுத வேண்டும். 2006-ல் தொழிற்கல்விக்கான மாநில நுழைவுத் தேர்வை ரத்து செய்ய சட்டம் வந்ததும், 2010-ல் முதல் தலைமுறைப் பட்டதாரிகளுக்குக் கட்டணச் சலுகை வந்ததும் இவர் உயர்கல்வி அமைச்சராக இருந்தபோதுதான். இந்தப் பக்கத்துக் கிராமத்துப் பிள்ளைகள் பலர் இன்ஜினியரானதில் அதற்குப் பங்கு உண்டு.

சரி, பற்றுப் பக்கம்? 2022-ல் பெண்களின் இலவசப் பஸ் பயணத்தைப் பற்றி மேடையில் "ஓசி" என்றார். அந்தப் பஸ் மக்களின் வரிப்பணத்தில் ஓடுகிறது. அதில் ஏறும் பெண்ணும் சோப்பு வாங்கினால் வரி கட்டுகிறாள். இது ஓசியா? 2025 ஏப்ரலில் சைவ வைணவச் சின்னங்களையும் பெண்களையும் சேர்த்து ஒரு ஆபாசப் பேச்சு. சொந்தக் கட்சியின் கனிமொழியே கண்டித்தார். கட்சிப் பதவி போனது, மன்னிப்புக் கேட்டார், அந்த மாதமே அமைச்சர் பதவியும் போனது.

இங்கேதான் கவனிக்க வேண்டும். 2023 டிசம்பரில் சொத்துக்குவிப்பு வழக்கில் சென்னை உயர்நீதிமன்றம் 3 ஆண்டு சிறை, 50 லட்சம் அபராதம் என்றது. 2024 மார்ச்சில் உச்சநீதிமன்றம் அதை நிறுத்தி வைத்தது. சில நாட்களிலேயே மறுபடி அமைச்சர், அதுவும் உயர்கல்விக்கே! சட்டப்படி சரி. ஆனால் மேல்முறையீடு முடியும்வரை காத்திருந்தால் என்ன குறைந்துவிடும்? கல்லூரியில் ஒரு பேப்பர் அரியர் வைத்தவனுக்கு மேற்படிப்பில் இடம் கிடையாது என்று சொல்லும் துறை அது.

இன்னொரு கூத்து, 2025 நவம்பரில் துணைப் பொதுச்செயலாளர் பதவி திரும்பக் கிடைத்தது. அவமானப்பட்ட பெண்களுக்குக் கட்சி விதித்த தண்டனையின் ஆயுள் ஏழே மாதம்!

வகுப்பில் ஒரு மாணவன் அப்படிப் பேசியிருந்தால் பேராசிரியர் பொன்முடி சும்மா விட்டிருப்பாரா? அரசியலுக்கு வாத்தியார்கள் நிச்சயம் வரட்டும். வரும்போது வகுப்பறையில் இருந்த நாக்கையும் கூடவே எடுத்து வரட்டும். பெஞ்சில் இருந்து எழுந்து போன பிள்ளைகள் இப்போது ஓட்டுப் போடும் வரிசையில் நிற்கிறார்கள். மார்க் போடுவது இனி அவர்கள் முறை.